அடைக்கலம் தேடிய இடத்தில்: ருவாண்டாவின் தேவாலயங்களும் பொறுப்பு என்ற கேள்வியும்



இனப்படுகொலை, மத நம்பிக்கை, அறப்பொறுப்பு ஆகிய மூன்றையும் சேர்த்துப் பேசச் சொல்லியிருக்கிறீர்கள். உலக வரலாறு முழுவதையும் மேசையில் பரப்பி வைத்துக்கொண்டு இதைப் பேசினால் பொதுவான துக்கம் மட்டுமே மிஞ்சும். கொஞ்ச நேரம் வருத்தப்பட்டுவிட்டு வீட்டுக்குப் போய்விடுவோம். அதனால் ஒரே ஒரு நாட்டை எடுத்துக்கொள்கிறேன். ஆப்பிரிக்காவின் நடுவே, கேரளத்தைவிடச் சிறிய நாடு ருவாண்டா. 1994 ஏப்ரல் முதல் ஜூலை வரை, ஏறத்தாழ நூறு நாட்கள்.

ஏப்ரல் 6 இரவு ஜனாதிபதி ஹப்யாரிமானா வந்த விமானம் தலைநகர் கிகாலியின் அருகே சுட்டு வீழ்த்தப்பட்டது. சில மணி நேரத்துக்குள் சாலைகளில் தடுப்புகள் முளைத்தன. ராணுவமும், இன்டரஹாம்வே என்ற ஆளுங்கட்சி இளைஞர் படையும், உள்ளூர் அதிகாரிகளும் சேர்ந்து டுட்சி சிறுபான்மையினரைத் தேடித் தேடிக் கொன்றார்கள். பெரும்பான்மை இனமான ஹுட்டுகளில் இதை எதிர்த்தவர்களையும் கொன்றார்கள். ஹியூமன் ரைட்ஸ் வாட்ச் அமைப்புக்காக 1999இல் மிக விரிவான ஆய்வை எழுதிய அலிசன் டி ஃபோர்ஜ், குறைந்தது 5 லட்சம் பேர் என்று கணக்கிட்டார். ருவாண்டா அரசு 10 லட்சத்துக்கும் மேல் என்கிறது. எந்தக் கணக்கை ஏற்றாலும், அந்த நாட்டில் வாழ்ந்த டுட்சிகளில் பெரும்பகுதி அழிக்கப்பட்டது என்பதில் மாற்றமில்லை.

இன்றைய பேச்சுக்கு இன்னொரு எண் முக்கியம். 1991 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்போது ருவாண்டா மக்களில் சுமார் 90 விழுக்காட்டினர் கிறிஸ்தவர்கள். அவர்களில் பெரும்பாலோர் கத்தோலிக்கர். ஆப்பிரிக்காவிலேயே மிக ஆழமாகக் கிறிஸ்தவம் வேரூன்றிய நாடுகளில் ஒன்று என்று மறைபணியாளர்கள் பெருமைப்பட்ட மண் அது. கொன்றவர்களும் கொல்லப்பட்டவர்களும் பெரும்பாலும் ஒரே பங்கைச் சேர்ந்தவர்கள். ஒரே தொட்டியில் ஞானஸ்நானம் பெற்றவர்கள். ஒரே பாடகர் குழுவில் பாடியவர்கள்.

ஏன் அத்தனை பேர் தேவாலயங்களுக்கு ஓடினார்கள் என்பதை முதலில் புரிந்துகொள்ள வேண்டும். 1959இலும் 1963இலும் டுட்சிகளுக்கு எதிராக வன்முறை வெடித்தபோது, தேவாலயத்துக்குள் புகுந்தவர்களைக் கும்பல்கள் பெரும்பாலும் தொடவில்லை. அந்த அனுபவம் குடும்பங்களில் சொல்லிச் சொல்லி வளர்ந்திருந்தது. எனவே 1994 ஏப்ரலில் மக்கள் பாயையும் பானையையும் தூக்கிக்கொண்டு, கைக்குழந்தைகளோடு பங்கு வளாகங்களில் வந்து குவிந்தார்கள். சில ஊர்களில் அதிகாரிகளே அங்கே போகச் சொன்னார்கள். ஒரே இடத்தில் கூடினால் கொல்வது எளிது. நியமாட்டா, ந்தராமா, நியருபுயே, கிபேஹோ என்று நீளும் அந்த ஊர்ப் பெயர்களை உச்சரிப்பது நமக்குக் கடினம். அவற்றில் ஒவ்வொன்றும் ஒரு தேவாலயத்தின் பெயர். ஒவ்வொன்றிலும் ஆயிரக்கணக்கான பிணங்கள் கிடந்தன. வேறெந்த வகைக் கட்டடத்தையும்விடத் தேவாலய வளாகங்களில்தான் அதிகம் பேர் இறந்திருக்கக்கூடும் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

நியாங்கே என்ற ஊரில் நடந்ததைச் சற்று நிதானமாகச் சொல்ல வேண்டும். அங்கே சுமார் 1,500 டுட்சிகள் தேவாலயத்துக்குள் அடைந்திருந்தார்கள். கல்லையும் கையில் கிடைத்ததையும் வைத்துத் தாக்குதலை எதிர்த்தார்கள். ஏப்ரல் 16ஆம் தேதி புல்டோசர் கொண்டுவரப்பட்டு, உள்ளே ஆட்கள் இருக்கும்போதே கட்டடம் இடிக்கப்பட்டது. அந்தப் பங்கின் பொறுப்பிலிருந்தவர் அருட்தந்தை அத்தனாஸ் செரோம்பா. ருவாண்டா படுகொலையை விசாரிக்கத் தான்சானியாவின் அருஷாவில் அமைந்த சர்வதேசத் தீர்ப்பாயம் 2006இல் அவருக்கு 15 ஆண்டுச் சிறை விதித்தது. 2008இல் மேல்முறையீட்டு அமர்வு அதை ஆயுள் தண்டனையாக உயர்த்தியது. இடிப்புக்கு அவர் உடன்பட்டார் என்பதோடு நிற்காமல், கட்டடத்தின் எந்தப் பக்கம் பலவீனமானது என்று ஓட்டுநருக்குக் காட்டியவரும் அவரே என்று அந்த அமர்வு கண்டது. தான் திருப்பலி நிறைவேற்றிய கூரையைத் தன் பங்கு மக்களின் தலைமேல் விழச் செய்தவர் ஒரு குரு என்பதே அந்தத் தீர்ப்பின் பொருள். படுகொலைக்குப் பின் ஐரோப்பாவுக்குப் போன அவர், இத்தாலியில் ஒரு பங்கில் குருவாகப் பணியாற்றிக்கொண்டிருந்தார் என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் செய்தி முழுமையாகும்.

கத்தோலிக்கர் மட்டும் என்று எண்ண வேண்டாம். முகோனேரோவில் ஏழாம் நாள் அட்வென்டிஸ்ட் சபையின் மருத்துவமனை வளாகம் இருந்தது. அங்கே தஞ்சம் புகுந்திருந்த டுட்சி போதகர்கள், நாளை நாங்களும் எங்கள் குடும்பங்களும் கொல்லப்படப் போகிறோம், எங்களுக்காகப் பரிந்து பேசுங்கள் என்று தங்கள் சபைத் தலைவர் எலிசஃபான் ந்தகிருதிமானாவுக்குக் கடிதம் எழுதினார்கள். அந்தக் கடிதத்தின் வரி உலகப் புகழ்பெற்ற ஒரு நூலின் தலைப்பாகவே ஆகிவிட்டது. சொன்ன நாளில் தாக்குதல் நடந்தது. தாக்கியவர்களுக்குத் துணைபோனார் என்று 2003இல் அவருக்கு 10 ஆண்டுச் சிறையும், அதே மருத்துவமனையின் மருத்துவராக இருந்த அவர் மகனுக்கு 25 ஆண்டுச் சிறையும் விதிக்கப்பட்டன. சோவு மடத்தைச் சேர்ந்த இரண்டு பெனடிக்ட் சபை அருட்சகோதரிகளை 2001இல் பிரஸ்ஸல்ஸ் நீதிமன்றம் தண்டித்தது. ஆங்கிலிக்கன் சபையின் பேராயரோ, 1994 ஜூனில் நைரோபியில் பத்திரிகையாளர்கள் முன் நின்று, படுகொலையைக் கண்டிக்கச் சொன்னபோது கண்டிக்க மறுத்தார்.

மறுபக்கத்தையும் சொல்லியாக வேண்டும். ஏப்ரல் 7ஆம் தேதி காலை, கொலைகாரர்கள் முதலில் நுழைந்த இடங்களில் ஒன்று கிகாலியில் இயேசு சபையினர் நடத்திய கிறிஸ்து மையம். குருக்களும் இளம்பெண்களுமாகப் பதினேழு பேரை அங்கே சுட்டுக் கொன்றார்கள். நாடு முழுவதும் குருக்களும் துறவியரும் நூற்றுக்கும் மேற்பட்டோர் அந்த நாட்களில் கொல்லப்பட்டார்கள். ஆக, நம்பிக்கை கொன்றதா, நம்பிக்கை கொல்லப்பட்டதா என்று கேட்டால், இரண்டும் ஒரே வாரத்தில், சில இடங்களில் ஒரே கூரையின் கீழ் நடந்தன.

இந்த இடத்தில் வழக்கமாக ஒரு விளக்கம் வரும். சில தனிமனிதர்கள் நற்செய்திக்கு எதிராக நடந்தார்கள். சபை என்ற அமைப்புக்கு இதில் பொறுப்பில்லை என்பது அந்த விளக்கம். 1996இல் போப் இரண்டாம் ஜான் பால் ருவாண்டா ஆயர்களுக்கு எழுதிய மடலும் ஏறக்குறைய இதைத்தான் சொன்னது. பாவம் செய்தவர்கள் தங்கள் செயலுக்குப் பதில்சொல்லும் துணிவைப் பெற வேண்டும் என்றும் அதில் இருந்தது. அந்த மடலை எழுதியவரின் துயரத்தை நான் சந்தேகிக்கவில்லை. அந்த விளக்கம் போதாது என்பதைத்தான், கடந்த முப்பது ஆண்டுகளில் இதை ஆராய்ந்தவர்களின் துணையோடு, இங்கே வாதிட விரும்புகிறேன்.

கதை 1900இல் தொடங்குகிறது. ஒயிட் ஃபாதர்ஸ் எனப்பட்ட மறைபணியாளர்கள் சாவே என்ற குன்றில் முதல் பணித்தளத்தை அமைத்தார்கள். மேல்தட்டைப் பிடித்தால் நாடு முழுவதும் பின்னால் வரும் என்பது அவர்கள் உத்தி. ஆயர் லியோன் கிளாஸ், டுட்சிகள் பிறவியிலேயே ஆளப் பிறந்தவர்கள் என்ற அக்கால ஐரோப்பிய இனக்கொள்கையை முழுமையாக ஏற்றவர். அப்போது ருவாண்டாவை ஆண்ட பெல்ஜிய நிர்வாகம் ஹுட்டுத் தலைவர்களை நீக்கி டுட்சிகளை நியமிக்க அவருடைய ஆலோசனை துணைநின்றது. மிஷன் பள்ளிகளில் டுட்சிப் பிள்ளைகளுக்கு முன்னுரிமை கிடைத்தது. மதம் மாற மறுத்த மன்னர் முசிங்கா 1931இல் பதவியிறக்கப்பட்டார். அவர் மகன் ருதாஹிக்வா 1943இல் ஞானஸ்நானம் பெற்று, 1946இல் நாட்டையே கிறிஸ்து அரசருக்கு அர்ப்பணித்தார். இடையில், 1930களின் முதற்பாதியில், ஒவ்வொருவரும் எந்த இனம் என்று குறிக்கும் அடையாள அட்டை வந்தது. அறுபது ஆண்டுகளுக்குப் பின் சாலைத் தடுப்புகளில் நின்றவர்கள் கேட்டது அந்த அட்டையின் வாரிசைத்தான்.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் வந்த புதிய தலைமுறைக் குருக்கள் ஒடுக்கப்பட்ட ஹுட்டுகளின் பக்கம் சாய்ந்தார்கள். அநீதி உண்மையானது, அந்தப் பரிவும் நேர்மையானது. ஆனால் அவர்களும் அதே இனப் பிரிவினையின் மொழியிலேயே நீதி பேசினார்கள். 1959 பிப்ரவரியில் ஆயர் பெரோதேன் வெளியிட்ட மேய்ப்புப்பணி மடல், செல்வமும் அதிகாரமும் ஓர் இனத்தின் கையில் குவிந்திருப்பதைச் சுட்டிக்காட்டியது. அந்த ஆண்டு நவம்பரில் டுட்சி வீடுகள் எரிந்தன. சுதந்திர ருவாண்டாவின் முதல் ஜனாதிபதி கயிபந்தா, கத்தோலிக்கப் பத்திரிகையான கின்யமதேகாவின் ஆசிரியராக இருந்தவர். அரசு கைமாறியது, அரசுக்கு அருகில் சபை உட்கார்ந்திருந்த நாற்காலி மட்டும் அசையவில்லை. கிகாலியின் பேராயர் வின்சென்ட் நசென்கியும்வா, நாட்டின் ஒரே கட்சியான ஆளுங்கட்சியின் மத்தியக் குழுவில் பல ஆண்டுகள் உறுப்பினராக இருந்தார். மேய்ப்பர் என்ற சொல்லுக்குரிய மரியாதையைக் கட்சிக்குக் கடனாகக் கொடுத்தார் என்றே இதை நான் பார்க்கிறேன்.

எச்சரித்தவர்கள் இல்லாமல் இல்லை. 1991 டிசம்பரில் கப்காயி மறைமாவட்டத்தின் ஆயரும் குருக்களும், சபை மனம் திரும்ப வேண்டும் என்று வெளிப்படையாகவே எழுதினார்கள். அது ஒரு மறைமாவட்டத்தின் குரலாகவே நின்றுபோயிற்று. படுகொலை தொடங்கிய சில நாட்களில் ருவாண்டா ஆயர்கள் விட்ட அறிக்கை, அந்தப் படுகொலையை நடத்திக்கொண்டிருந்த புதிய அரசுக்கு ஆதரவு தெரிவித்தது. ஜூன் மாதத்தில் கிகாலிப் பேராயரும், எச்சரிக்கை மடல் எழுதிய கப்காயி ஆயரும், இன்னோர் ஆயரும் அரசை எதிர்த்துப் போரிட்டுக்கொண்டிருந்த கிளர்ச்சிப் படையான ஆர்பிஎஃப் வீரர்களின் கையால் ஒரே நாளில் கொல்லப்பட்டார்கள். அந்தக் கொலையும் குற்றமே.

திமோத்தி லாங்மன் என்ற அரசியல் அறிஞர் படுகொலைக்கு முன்பே, 1992-93இல், ருவாண்டாவில் தங்கிச் சபைகளை ஆராய்ந்தவர். 2010இல் வெளியான அவர் நூலில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது, இரண்டு பிரெஸ்பிட்டேரியன் பங்குகளை அவர் ஒப்பிடும் பகுதி. கிரிந்தா பழைய பணித்தளம். மருத்துவமனை, பள்ளிகள், சம்பள வேலைகள் எல்லாம் சபையின் கையில் இருந்தன. சபைத் தலைவர்களும் அரசியல் செல்வாக்குள்ளவர்களும் ஒரே வட்டம். அங்கே சபையின் முக்கியஸ்தர்களே கொலைக்கு வழிநடத்தினார்கள். பிகுஹு ஏழைகளின் மலைப் பங்கு. அங்கிருந்த போதகரும் ஊழியர்களும் எழுத்தறிவு, கூட்டுறவு, சிறு விவசாயிகளுக்கு உதவி என்று உழைத்துக்கொண்டிருந்தார்கள். அங்கே கொலையை வெளியிலிருந்து கொண்டுவர வேண்டியிருந்தது. ஆனாலும் பிகுஹுவின் டுட்சிகளும் தப்பவில்லை. ஆறுதல் தரும் கதையாக இதைச் சொல்ல முடியாது. ஒரே சபை, ஒரே வேதம், ஒரே ஞானப்பாட்டு. சபை யாரோடு உட்கார்ந்து சாப்பிட்டது என்பதைப் பொறுத்து அந்த ஊரின் நடத்தை மாறியது என்பதுதான் இதிலிருந்து தெரிவது.

கொன்றவர்களைப் பற்றிய ஆய்வுகளும் இதோடு ஒத்துப்போகின்றன. ஸ்காட் ஸ்ட்ராஸ், தண்டிக்கப்பட்ட 210 கைதிகளை நேர்கண்டு 2006இல் எழுதிய நூலில், பலரும் முன்பு டுட்சி அண்டை வீட்டாரோடு நல்லுறவில் இருந்ததாகவே சொன்னார்கள் என்கிறார். போர் பற்றிய அச்சம், கூட இருந்தவர்களின் நெருக்கடி, அதிகாரி சொன்னால் செய்ய வேண்டும் என்ற பழக்கம் ஆகியவைதான் அவர்களைத் தள்ளின. பிரெஞ்சுப் பத்திரிகையாளர் ழான் ஹாட்ஸ்ஃபெல்ட் நியமாட்டா பகுதியில் நண்பர்களாகச் சேர்ந்து கொலை செய்த ஒரு குழுவைச் சிறையில் சந்தித்துப் பேசினார். அவர்களில் ஒருவர் தேவாலயப் பாடகர் குழுவில் முன்நின்றவர். அவர்கள் கடவுளை மறுக்கவில்லை. அந்தச் சில வாரங்களுக்குக் கடவுளிடம் எதையும் கேட்காமல் இருந்தார்கள், அவ்வளவுதான். இதைப் படிக்கும்போது எனக்கு ஏற்படும் கலக்கம், வெறிகொண்ட மதவாதி ஒருவனைப் பற்றிப் படிக்கும்போது ஏற்படும் கலக்கத்தைவிடப் பெரியது. கீழ்ப்படிதல் இறைவனுக்குப் பிரியமானது என்று தலைமுறை தலைமுறையாகக் கற்றவர்கள், எப்போது கீழ்ப்படியக் கூடாது என்பதை ஒருபோதும் கற்கவில்லை.

ஹெலன் ஃபைன் என்ற சமூகவியலாளர் யூதப் படுகொலையைப் பற்றி 1979இல் எழுதும்போது ஓர் எல்லைக்கோட்டைப் பற்றிப் பேசினார். யாருக்குத் தீங்கு நேர்ந்தால் அது என் பொறுப்பு என்று நான் உணர்கிறேனோ, அவர்கள் அந்தக் கோட்டுக்குள் இருப்பவர்கள். படுகொலை நடப்பதற்கு முன், பலியாகப் போகிறவர்கள் அந்தக் கோட்டுக்கு வெளியே வைக்கப்பட்டுவிடுகிறார்கள். ஞானஸ்நானம் அந்தக் கோட்டை அழித்திருக்க வேண்டும். உகாண்டாவைச் சேர்ந்த இறையியலாளர், குரு இம்மானுவேல் கடோங்கோலே தன் சபையை நோக்கி எழுப்பும் கேள்வியின் சாரம் இதுதான்: ஏன் அழிக்கவில்லை?

சிலரிடம் அந்தக் கோடு அழிந்திருந்தது. கிசேன்யியில் ஃபெலிசித்தே நியிதெகேகா என்ற ஹுட்டுப் பெண், சபை நடத்திய இல்லமொன்றில் டுட்சிகளை மறைத்துவைத்து எல்லையைக் கடக்க உதவினார். அவருடைய சகோதரர் ராணுவத்தில் கர்னல். நீ மட்டும் தப்பித்துக்கொள் என்று அவர் ஆள் அனுப்பியும், தன்னோடிருந்தவர்களை விட்டு வர ஃபெலிசித்தே மறுத்தார். ஏப்ரல் 21ஆம் தேதி அவர்களோடு சேர்த்து அவரையும் கொன்றார்கள். வேறோர் ஊரில் ஸுரா கருஹிம்பி என்ற முதிய நாட்டு வைத்தியப் பெண்மணி, தன் சிறு வீட்டில் நூற்றுக்கும் மேற்பட்டோரை ஒளித்துவைத்தார். உள்ளே காலெடுத்து வைத்தால் ஆவிகள் உங்கள் குலத்தையே அழித்துவிடும் என்று கொலைகாரர்களை அச்சுறுத்தியே திருப்பி அனுப்பினார். பேராலயத்தின் பலிபீடத்துக்குக் கிடைக்காத மரியாதை அந்தக் கிழவியின் வாசற்படிக்குக் கிடைத்தது.

முஸ்லிம்களின் கதை பலருக்கும் வியப்பாக இருக்கும். மக்கள்தொகையில் மிகச் சிறிய பங்கு அவர்கள். காலனி ஆட்சியில் தனிக் குடியிருப்புகளில் ஒதுக்கப்பட்டவர்கள். சபைகளின் கையிலிருந்த பள்ளிகளுக்கு வெளியே நின்றவர்கள். அவர்களுடைய தலைவர்கள் படுகொலைக்கு முன்பே வன்முறையைக் கண்டித்தார்கள். கிகாலியின் முஸ்லிம் பகுதிகளில் டுட்சி அண்டை வீட்டாரை ஒளித்துவைத்த குடும்பங்கள் பல. மபாரே மசூதியில் அடைக்கலம் தந்தவர்களும் பெற்றவர்களும் ஒன்றாக எதிர்த்து நின்றார்கள், பெரும்பாலோர் இறந்தார்கள். இதைக் கேட்டு, ஒரு மதம் மற்றொன்றைவிட மேல் என்று முடிவு கட்டிவிடக் கூடாது. டுட்சி வெறுப்பைப் பரப்பிய கங்குரா பத்திரிகையின் ஆசிரியர் ஹசன் ந்கேஸேயும் முஸ்லிம்தான். அருஷா தீர்ப்பாயம் அவரைத் தண்டித்தது.

ஐரோப்பாவில் நடந்த யூதப் படுகொலையைப் பற்றிய ஆய்வுகள் இதற்கு வெளிச்சம் தருகின்றன. யூதர்களைக் காப்பாற்றியவர்களைப் பேட்டி கண்ட சாமுவேல், பேர்ல் ஆலினர் தம்பதி, பக்தியின் அளவுக்கும் காப்பாற்றும் துணிவுக்கும் மிகக் குறைந்த தொடர்பே இருப்பதாக 1988இல் எழுதினார்கள். ராபர்ட் பிரவுன் 2019இல் வெளியிட்ட ஆய்வு, நெதர்லாந்திலும் பெல்ஜியத்திலும் யூதர்களை அதிகம் காப்பாற்றியவை தத்தம் பகுதியில் சிறுபான்மையாக இருந்த சபைகளே என்று காட்டியது: புராட்டஸ்டண்ட் பகுதியில் கத்தோலிக்கர், கத்தோலிக்கப் பகுதியில் புராட்டஸ்டண்டுகள். தாமே ஆளும் பெரும்பான்மையாக இல்லாதவர்களுக்கு அடுத்த சிறுபான்மையின் ஆபத்து சட்டென்று புரிகிறது. இரகசியமாக, ஒருவரை ஒருவர் நம்பிச் செயல்படவும் அவர்களுக்குப் பழக்கம் இருக்கிறது. எனவே ஒரு சமூகத்தின் நம்பிக்கை எவ்வளவு ஆழமானது என்று மட்டும் கேட்பது பயனற்றது. அந்த நம்பிக்கை அதிகாரத்துக்கு எவ்வளவு தூரத்தில் நிற்கிறது என்பதையும் சேர்த்துக் கேட்க வேண்டும்.

அப்படியானால் பொறுப்பு யாருடையது? 1945-46 குளிர்காலத்தில், இடிந்து கிடந்த ஜெர்மனியின் ஹைடல்பெர்கில் தத்துவஞானி கார்ல் யாஸ்பர்ஸ் இதே கேள்வியைப் பற்றி விரிவுரையாற்றினார். மனைவி யூதர் என்பதால் நாஜிகளால் கற்பிக்கும் உரிமை பறிக்கப்பட்டிருந்தவர். நீதிமன்றம் தண்டிக்கும் குற்றம், குடிமக்கள் எல்லோரும் சுமக்க வேண்டிய அரசியல் பொறுப்பு, ஒவ்வொருவரும் தம் மனசாட்சி முன் நிற்க வேண்டிய அறக் குற்றம், பிறர் கொல்லப்படும்போது நான் உயிரோடு இருந்தேனே என்ற, இறைவன் முன் மட்டுமே சொல்லத்தக்க குற்றம் என்று பிரித்துக் காட்டினார். ஒரு முழு மக்களினமே அறக் குற்றவாளி என்று சொல்ல முடியாது என்பதில் அவர் உறுதியாக இருந்தார். அதை நானும் ஏற்கிறேன். ஹுட்டு என்பதற்காக ஒருவர் குற்றவாளி ஆகிவிட மாட்டார். கத்தோலிக்கர் என்பதற்காகவும் ஆகிவிட மாட்டார்.

ஆனால் சபை என்பது தனித்தனி மனிதர்களின் கூட்டம் மட்டுமல்ல. அதற்கு நிலம் உண்டு, பள்ளிகள் உண்டு, ஆவணக் காப்பகம் உண்டு, தலைமுறை தாண்டிய நினைவு உண்டு. தன் மறைசாட்சிகளின் புகழைத் தன் சொத்தாகக் கொண்டாடுகிறது; கொண்டாட உரிமையும் உண்டு. நியிதெகேகாவின் துணிவு எங்களுடையது என்று சொல்லும் சபை, செரோம்பாவின் செயல் அவருடையது மட்டும் என்று சொல்ல முடியாது. இருவரையும் வளர்த்தது அதே மறைக்கல்வி. 1931இல் மன்னரை மாற்றியதற்கும், 1959 மடலின் மொழிக்கும், கட்சிக் குழுவில் அமர்ந்த பேராயருக்கும் யாரோ ஒரு பாவி பதில்சொல்லிவிட முடியாது. அந்தக் கணக்கு நிறுவனத்தின் பெயரில் இருக்கிறது.

2016 நவம்பரில் ருவாண்டா ஆயர்கள், தங்கள் உறுப்பினர்கள் படுகொலையில் பங்கேற்றதற்காக மன்னிப்புக் கேட்டு அறிக்கை வெளியிட்டார்கள். அது போதாது என்று அரசு சொன்னது. 2017 மார்ச் 20ஆம் தேதி போப் பிரான்சிஸ், ருவாண்டா ஜனாதிபதி ககாமேயை வத்திக்கானில் சந்தித்தபோது, சபையின் பாவங்களுக்கும் அதன் உறுப்பினர்களின் பாவங்களுக்கும் இறைவனிடம் மன்னிப்பை இறைஞ்சினார். சபையின் பாவங்கள் என்ற தொடர் வருவதற்கு 23 ஆண்டுகள் ஆயின.

இந்தத் தாமதம் வெறும் நெறிமுறைச் சிக்கல் என்று எனக்குத் தோன்றவில்லை. இடைப்பட்ட ஆண்டுகளில் ககாசா என்ற ஊர் நீதிமன்றங்கள் 2012 வரை கிட்டத்தட்ட 20 லட்சம் வழக்குகளை விசாரித்தன. குற்றத்தை ஒப்புக்கொண்டவர்களுக்குத் தண்டனை குறைந்தது. அதே காலத்தில் தேவாலயங்களில், மன்னியுங்கள், மன்னித்தால்தான் குணம் பெறுவீர்கள் என்ற போதனை, பிள்ளைகளை இழந்த தாய்மார்களை நோக்கிச் சொல்லப்பட்டது. தன் பங்கை இன்னும் ஒப்புக்கொள்ளாத ஒரு நிறுவனம், பாதிக்கப்பட்டவரிடம் போய் மன்னிப்பைக் கேட்டு வாங்கியது. வரிசை தலைகீழாகிவிட்டது. மனமுவந்து மன்னித்தவர்கள் உண்டு, அவர்களை வணங்குகிறேன். மன்னிக்க முடியாதவர்களை விசுவாசம் குறைந்தவர்கள் என்று பார்ப்பதை மட்டும் என்னால் ஏற்க முடியாது.

ககாசாவுக்கு வந்த உயிர்பிழைத்தோரில் பலர் கேட்டது தண்டனையைக்கூட அல்ல. எங்கே போட்டீர்கள், அந்த இடத்தைக் காட்டுங்கள் என்றுதான் கேட்டார்கள். 2018 ஏப்ரலில் கிகாலியின் புறநகர்ப் பகுதியில், வீடுகளுக்கு அடியில் பெரும் புதைகுழிகள் கண்டுபிடிக்கப்பட்டன. ஆயிரக்கணக்கான உடல்கள் தோண்டி எடுக்கப்பட்டன. சுற்றி வாழ்ந்தவர்களில் தெரிந்தவர்கள் இருந்தார்கள். 24 ஆண்டுகள் வாய் திறக்கவில்லை. அந்த வாயைத் திறக்கச் செய்யும் பணியை அரசு ஓரளவுதான் செய்ய முடியும். பாவத்தை அறிக்கையிடச் சொல்லி ஒவ்வொரு ஞாயிறும் மக்களைக் கூட்டும் சபைகள் ருவாண்டாவின் எல்லாக் குன்றுகளிலும் இருக்கின்றன. கொன்றவர் குடும்பமும் இழந்தவர் குடும்பமும் இன்றும் அங்கே ஒன்றாகத்தான் வந்து அமர்கிறார்கள். மன்னிப்பைப் பற்றிய அடுத்த பிரசங்கத்துக்கு முன், புதைத்த இடங்களை அந்தச் சபைகள் தம் மக்களிடம் கேட்க வேண்டும். கூடவே தம் காப்பகங்களையும் திறக்க வேண்டும்.